மதுரையின் மந்திரவாதி

மதுரைக்கு ஒரு மந்திரவாதி உண்டு. அவருக்குப் பெயர் கிடையாது. அப்பா அம்மா, குரு, சீடர் என்று யாரும் கிடையாது. ஒரு நாள் திடீரென்று வீதியில் தோன்றுகிறார். கிழவனைக் குமரனாக்குகிறார், குமரனைக் கிழவனாக்குகிறார். தூரத்து மலையைப் பக்கத்தில் கொண்டுவருகிறார், பக்கத்து மலையைத் தூரத்தில் கொண்டுபோய் வைக்கிறார். இரும்பைப் பொன்னாக்குகிறார். ஊரே வேலையை விட்டுவிட்டு அவர் பின்னால் அலைகிறது.

திருவிளையாடற் புராணம் அவரை ‘எல்லாம் வல்ல சித்தர்’ என்று சொல்கிறது. மீனாட்சியம்மன் கோயிலில் சொக்கநாதர் சன்னதியைச் சுற்றி வந்தால் அவருடைய சன்னதியைப் பார்க்கலாம். பூப்பந்தல் போட்டு வேண்டிக்கொள்கிறவர்கள் இன்றைக்கும் இருக்கிறார்கள்.

அவரைப் போய் மந்திரவாதி என்கிறானே என்று சிலருக்கு உறுத்தும். சித்தர் வேறு, மந்திரவாதி வேறு. சித்தர் என்றால் சிவபெருமான், மந்திரவாதி என்றால் எலுமிச்சம்பழமும் மண்டையோடும். அந்த உறுத்தல் எங்கிருந்து வந்தது என்பதுதான் என் கேள்வி. செய்த வித்தை ஒன்றாகவே இருந்தாலும் ஒருவர் செய்தால் திருவிளையாடல், இன்னொருவர் செய்தால் மாயம். இந்தப் பிரிவினைக்கு மதுரையில் ஒரு வரலாறு இருக்கிறது. அது ஏட்டில் மட்டுமில்லை, ஊரைச் சுற்றியிருக்கும் பாறைகளிலும் எழுதியிருக்கிறது. இரண்டும் ஒரே கதையைச் சொல்லவில்லை.

1

முதலில் சித்தர் கதையை முழுசாகச் சொல்லிவிடுகிறேன். திருவிளையாடல் என்றதும் நம்மில் பலருக்கு ஞாபகம் வருவது 1965இல் ஏ.பி. நாகராஜன் எடுத்த படம்தான். தருமி உண்டு, ஹேமநாத பாகவதர் உண்டு. சித்தர் அதில் இல்லை.

பரஞ்சோதி முனிவரின் நூலில் 64 விளையாடல்கள். இருபதாவதும் இருபத்தொன்றாவதும் சித்தருடையவை. ஆள்கிறவன் அபிடேக பாண்டியன். வீதியில் நடக்கும் அற்புதங்கள் அவன் காதுக்குப் போகின்றன. அழைத்து வரச்சொல்லி ஆள் அனுப்புகிறான். சித்தர் வரமாட்டேன் என்கிறார். உங்கள் ராஜாவால் எனக்கு ஆகவேண்டியது என்ன என்பதுதான் பதிலின் சாரம். அமைச்சர்கள் திரும்பிப் போகிறார்கள். ராஜாவுக்கு, நியாயமாகப் பார்த்தால், கோபம் வரவேண்டும். வரவில்லை. எதுவும் தேவைப்படாதவனை எதைக் காட்டிக் கூப்பிடுவது என்று புரிந்துகொள்கிறான்.

தைப்பொங்கல் அன்று ராஜா கோயிலுக்கு வருகிறான். வழியில் சித்தர் உட்கார்ந்திருக்கிறார். நீர் யார், என்ன வல்லமை உமக்கு என்று பேச்சு வளர்கிறது. ராஜா கையில் ஒரு கரும்பு. அங்கேயிருக்கும் கல் யானையைக் காட்டி, இதை அந்த யானை தின்னும்படி செய்ய முடியுமா என்கிறான். சித்தர் கடைக்கண்ணால் பார்க்கிறார். கல் கண் விழிக்கிறது, தும்பிக்கையை நீட்டிக் கரும்பைப் பிடுங்கித் தின்கிறது. அதோடு நிற்காமல் ராஜாவின் கழுத்து முத்துமாலையையும் பறித்துக்கொள்கிறது. காவலர்கள் ஆயுதத்தோடு பாய, சித்தர் பார்த்த பார்வையில் அப்படியே சித்திரம்போல நிற்கிறார்கள். ராஜா காலில் விழுகிறான். பிள்ளை வரம் கேட்கிறான். பிறகு பிறக்கும் பிள்ளைதான் விக்கிரம பாண்டியன்.

இன்றும் தைப்பொங்கல் அன்று கோயிலில் கல் யானைக்குக் கரும்பு கொடுத்த விளையாடலை நடத்துகிறார்கள்.

சித்தர் இன்னொரு தடவையும் வருகிறார். முப்பத்தாறாவது விளையாடல், இரசவாதம். இடம் வைகைக் கரையில் இருக்கும் திருப்புவனம். பொன்னனையாள் என்ற ஆடல்மகள் கையில் வருவதையெல்லாம் அடியாருக்குச் சோறு போட்டே தீர்க்கிறவள். இறைவனுக்குப் பொன்னில் திருவுருவம் வார்க்க ஆசை, காசு இல்லை. சித்தர் அவள் வீட்டுக்குத் தானாக வருகிறார். வீட்டிலிருக்கும் பித்தளை, இரும்புப் பாத்திரங்களையெல்லாம் கொண்டுவரச் சொல்லித் திருநீறு தூவுகிறார். இரவில் நெருப்பில் போடு என்று சொல்லிவிட்டுப் போய்விடுகிறார். விடிந்தால் எல்லாம் பொன். வார்த்த உருவத்தின் அழகில் மயங்கி அவள் கன்னத்தைக் கிள்ளியதாகவும் அந்தத் தடம் சிலையில் இருப்பதாகவும் ஊரில் சொல்வார்கள்.

ராஜா கூப்பிட்டால் வராதவர், கூப்பிடாத பெண் வீட்டுக்கு வருகிறார். காண்டால்ஃபையும் டம்பிள்டோரையும் படித்து வளர்ந்த தலைமுறைக்கு இந்த ஆளை உடனே பிடிக்கும். எனக்கும் அப்படித்தான் பிடித்தது. அதிகாரத்துக்குத் தலை வணங்காத வல்லமை என்ற கனவு எல்லா ஊருக்கும் பொது.

மதுரையில் அந்தக் கனவு தெருவரைக்கும் இறங்கியிருக்கிறது. சிம்மக்கல்லில் இருக்கும் பழைய சொக்கநாதர் கோயிலையே பாருங்கள். புலவர் இடைக்காடரின் பாட்டைக் குலேச பாண்டியன் மதிக்காமல் விட்டதும், கோபித்துக்கொண்ட புலவரோடு சேர்ந்து சொக்கநாதரும் பெரிய கோயிலைக் காலி செய்துவிட்டு வடக்கே வந்து உட்கார்ந்தார் என்பது கதை. அந்த இடம் இதுதான் என்பது ஊர் நம்பிக்கை. பதினெண் சித்தர் பட்டியலிலும் ஓர் இடைக்காடர் உண்டு. இருவரும் ஒருவர்தானா என்பது தனி விவாதம். ராஜா ஒரு புலவனை அவமதித்தால் சாமி வெளிநடப்பு செய்யும் ஊர் இது. அதைக் கடந்து ஆற்றை நோக்கி நடந்தால் யானைக்கல். சிங்கமும் யானையும் கல்லாகிப் பேருந்து நிறுத்தங்களின் பெயர்களில் உட்கார்ந்திருக்கின்றன.

2

இதுவரை எல்லாம் சரி. புத்தகத்தில் அடுத்த பக்கத்தைத் திருப்பினால் இடிக்கிறது.

இருபத்திரண்டாவது விளையாடல், யானை எய்த படலம். சித்தர் வரத்தால் பிறந்த விக்கிரம பாண்டியன் இப்போது ராஜா. அவனைப் போரில் வெல்ல முடியாத சோழன் சமணர்களை வரவழைக்கிறான். எட்டு மலைகளிலிருந்து எட்டாயிரம் சமணர்கள் வருகிறார்கள். பெரிய வேள்விக் குழி வெட்டி, தீ மூட்டி, அதிலிருந்து ஒரு பெரும் யானையை எழுப்பி மதுரை மீது ஏவுகிறார்கள். பாண்டியன் சொக்கநாதரிடம் முறையிட, அவர் வில்வீரனாக வந்து நரசிங்கக் கணையை எய்கிறார். யானை விழுந்து மலையாகிறது. அதுதான் யானைமலை. எய்த கணை மலையடியில் நரசிங்கமாகிறது.

அதோடு முடியவில்லை. இருபத்தெட்டாவதில் சமணர்கள் ஒரு பாம்பை அனுப்புகிறார்கள், அது நாகமலையாகிறது. இருபத்தொன்பதாவதில் ஒரு மாயப்பசு. நந்தி போய் அதை வீழ்த்த, பசுமலையாகிறது. மாட்டுத்தாவணியிலிருந்து மேலூர் ரோட்டில் போனாலும் சரி, திருமங்கலம் ரோட்டில் போனாலும் சரி, மதுரையின் அடிவானத்தில் தெரிகிற மலைகளெல்லாம் தோற்றுப்போன மந்திரங்களின் பிணங்கள் என்கிறது புராணம்.

இரண்டு படலங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். சித்தர் கல்லை யானையாக்குகிறார். சமணர்கள் நெருப்பை யானையாக்குகிறார்கள். அது பிறகு கல்லாகிறது. தொழில்நுட்பம் ஏறக்குறைய ஒன்று. முதல் யானை கரும்பு தின்கிறது, நாம் கைகொட்டுகிறோம். இரண்டாவது யானை அம்பு வாங்கிச் சாகிறது, அதற்கும் கைகொட்டுகிறோம்.

புராணத்தின் தரப்பில் ஒரு நியாயம் உண்டு, அதை மறைக்கக்கூடாது. சித்தர் ராஜா கூப்பிட்டு வராதவர். சமணர்கள் ராஜா கூப்பிட்டு வந்தவர்கள். விலைக்கு வாங்க முடியாத வல்லமை விளையாட்டு, கூலிக்கு வரும் வல்லமை மாயம். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் யானையை எய்யும்போது சொக்கநாதரும் ஒரு ராஜா முறையிட்டுத்தானே வருகிறார்? அந்த ராஜா நம்ம ராஜா என்பதைத் தவிர வேறு வித்தியாசம் எனக்குத் தெரியவில்லை.

இந்தக் கோட்டின் கடைசி முனை 63ஆவது விளையாடல். சம்பந்தரோடு வாதில் தோற்ற சமணர்கள் கழுவேறும் படலம். அங்கேயும் எண்ணிக்கை எட்டாயிரம். கே.ஏ. நீலகண்ட சாஸ்திரி போன்ற வரலாற்றாசிரியர்கள் இதை நடந்த நிகழ்ச்சியாக ஏற்கவில்லை. கசப்பான ஒரு கட்டுக்கதை என்றே ஒதுக்கினார்கள். நடந்ததோ இல்லையோ, அது கொண்டாடத்தக்கது என்று பல நூற்றாண்டுகள் நம்பியிருக்கிறோம். முதலில் ஒரு கூட்டத்தை மாயக்காரர்கள் என்று சொல்லிப் பழக்கிவிட்டால், பிறகு அவர்களைக் கழுவேற்றும் கதை கேட்க யாருக்கும் கை நடுங்காது. அதனால்தான் யானைக் கதையை வெறும் ஃபேண்டசியாக என்னால் கடந்துபோக முடியவில்லை.

3

இனி பாறைகள்.

மதுரையைச் சுற்றிய குன்றுகளில் இயற்கையான குகைத் தளங்கள் உண்டு. அவற்றில் சமண முனிவர்களுக்காகக் கற்படுக்கைகள் வெட்டியிருக்கிறார்கள். பக்கத்தில் தமிழ் பிராமி எழுத்துகள். மாங்குளத்துக் கல்வெட்டுகளை 1882இல் ராபர்ட் சீவெல் கண்டறிந்தார். நெடுஞ்செழியன் என்ற பாண்டியனின் பெயரும் கணிநந்தன் என்ற முனிவரின் பெயரும் அதில் இருக்கின்றன. காலம் கி.மு. 2ஆம் நூற்றாண்டு என்று கணிக்கிறார்கள்.

யானைமலையிலும் அப்படி ஒரு கல்வெட்டு உண்டு. கி.மு. முதல் நூற்றாண்டு வாக்கில் வெட்டியது. அங்கே உறைந்த முனிவர்களின் பெயர்களைச் சொல்லும் அந்தச் சின்ன வரி, மலையின் பெயரையும் சொல்கிறது: இவகுன்றம். ‘இபம்’ என்றால் யானை.

இதைக் கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டும். இப்போது நமக்குக் கிடைக்கும் தமிழ்த் திருவிளையாடல்களில் பழையது பெரும்பற்றப்புலியூர் நம்பியுடையது, அதை உ.வே. சாமிநாதையர் 1906இல் பதிப்பித்தார். பரஞ்சோதி முனிவர் அவருக்கும் சில நூற்றாண்டுகள் பிந்தியவர். இந்தக் கதைகள் ஏட்டில் ஏறுவதற்கு ஆயிரம் வருடங்களுக்கு முன்பே அந்த மலைக்குப் பெயர் யானைதான். பெயர் வைத்த காலத்திலேயே சமணர்கள் அதன் மேல் குடியிருந்தார்கள். மதுரைக்குள் வரும் யாரும், படுத்திருக்கும் யானை போல நீண்டு கிடக்கும் அந்தப் பாறையைப் பார்த்தால் அதே பெயரைத்தான் சொல்வார்கள். அதற்கு வேள்விக் குழியும் வேண்டாம், அம்பும் வேண்டாம். யானை முதலில் வந்தது. யானையை எய்த கதை பிறகு வந்தது.

மென்பொருள் வேலையில் இதற்கு நிகரான ஒன்றை அடிக்கடி பார்த்திருக்கிறேன். யாரோ எழுதிவிட்டுப் போன பழைய நிரல் ஒன்று இருக்கும். எழுதியவர் இல்லை, குறிப்பு இல்லை. ஆனால் அது ஏன் அங்கே இருக்கிறது என்று டீமில் எல்லோரிடமும் ஒரு கதை இருக்கும். கேட்டால் நம்பத் தோன்றும். எழுதியவரின் பெயர் மட்டும் அந்தக் கதையில் வராது.

இது மதுரைக்கு மட்டுமான வழக்கமும் இல்லை. இங்கிலாந்தில் ஸ்டோன்ஹெஞ்ச் என்ற பெருங்கற்கள் வட்டமாக நிற்கின்றன. 1136 வாக்கில் மான்மத் ஊர் ஜெஃப்ரி எழுதிய பிரிட்டன் அரசர்களின் வரலாற்றில், அந்தக் கற்களை அயர்லாந்திலிருந்து பெயர்த்துக் கொண்டுவந்தவன் மெர்லின் என்ற மந்திரவாதி. உண்மையில் அந்தக் கற்கள் மெர்லின் கதையை விட மூவாயிரம் வருடங்களுக்கும் மேல் மூத்தவை. அவற்றை நிறுத்திய மக்களின் பெயர் யாருக்கும் தெரியாமல் போனது. காலியான அந்த இடத்தில் ஒரு மந்திரவாதி வந்து நின்றான். கல் பெரிதாக இருந்து, அதற்குரியவர்கள் மறந்துபோனால், ஊர் ஒரு மாயத்தை வரவழைத்துக்கொள்ளும்.

ஆனால் மதுரையில் உரியவர்கள் பெயர் தொலைந்துபோகவில்லை. கல்லிலேயே இருக்கிறது. அதுதான் இங்கே விஷயம்.

4

புராணம் அம்பு என்று சொன்னதே, அந்த நரசிங்கத்துக்கு வருவோம். யானைமலையின் அடியில் ஒத்தக்கடையை ஒட்டி நரசிங்கம் என்ற ஊர். அங்கே ஒரு குடைவரைக் கோயில், உள்ளே யோக நரசிங்கப் பெருமாள். சுவரில் கிரந்தத்தில் ஒன்றும் வட்டெழுத்தில் ஒன்றுமாக இரண்டு கல்வெட்டுகள். பராந்தகன் என்றும் நெடுஞ்சடையன் என்றும் அழைக்கப்பட்ட பாண்டியனின் அமைச்சர் மாறன் காரி இதைக் குடைவித்தார். கலியுகம் 3871ஆம் ஆண்டு, அதாவது கி.பி. 770. குடமுழுக்குக்கு முன்பே அவர் இறந்துவிட, பதவிக்கு வந்த தம்பி மாறன் எயினன் முகமண்டபம் எடுத்து வேலையை முடித்தார்.

அம்பு இல்லை, வில் இல்லை. அண்ணன் தொடங்கி, தம்பி முடித்த ஒரு கட்டுமானப் பணி. புராணத்தில் வரும் நரசிங்கக் கணையை விட, அண்ணனின் பாதி வேலையை முடித்துக்கொடுத்த எயினன்தான் எனக்கு நெருக்கமாகத் தெரிகிறார்.

அதே மலையில், அந்தக் கோயிலுக்கு ஒன்றிரண்டு நூற்றாண்டுகள் பிந்திய சமணப் புடைப்புச் சிற்பங்கள் இருக்கின்றன. மகாவீரர், பார்சுவநாதர், பாகுபலி, அம்பிகா இயக்கி. கீழே வட்டெழுத்தில் அவற்றைச் செய்வித்தவர்களின் பெயர்கள். அச்சணந்தி என்ற சமணத் துறவியின் பெயர் இங்கேயும் உண்டு, மதுரையைச் சுற்றிய வேறு சமண மலைகளிலும் உண்டு. சம்பந்தர் வாழ்ந்தது 7ஆம் நூற்றாண்டு. எட்டாயிரம் பேரும் கழுவேறி முடிந்தார்கள் என்று கதை சொல்லும் காலத்துக்கு இருநூறு வருடங்களுக்குப் பிறகு, மதுரையிலிருந்து கண்ணுக்கெட்டும் தூரத்தில் சமணர்கள் நிதானமாகச் சிற்பம் செதுக்கிப் பெயரும் பொறித்திருக்கிறார்கள்.

இன்னும் ஒன்று. அக்காலத்தில் ஓர் உருவத்தைச் செய்து வைத்தால், அதைக் காக்கும் பொறுப்பு யாருடையது என்றும் எழுதி வைப்பார்கள். ‘இன்னார் ரட்சை’ என்று. யானைமலையின் சமண உருவங்கள் சிலவற்றுக்கு அப்படிப் பொறுப்பேற்றவர்களில் திணைக்களத்தார் என்ற கணக்கு அதிகாரிகள் உண்டு. நரசிங்கமங்கலத்துச் சபையாரும் உண்டு.

நரசிங்கமங்கலம். பெருமாளின் பெயரைத் தாங்கிய ஊர். அந்த ஊர்ச் சபை சமணத் திருமேனிக்குக் காவல் நின்றிருக்கிறது. புராணத்தில் சமணர்களின் யானையைக் கொன்ற அதே நரசிங்கம், கல்வெட்டில் சமணர்களின் உருவங்களைக் காக்கிறது. எந்த மந்திரவாதியின் வித்தையை விடவும் எனக்கு இது பெரிய அதிசயமாகப் படுகிறது. இதற்கு ஒரு படலம் யாரும் எழுதவில்லை.

நாகமலைப் பக்கம் போனால் கீழக்குயில்குடி சமணர் மலை. அங்கே பேச்சிப்பள்ளம் என்ற இடத்தில் சுனையை ஒட்டிய பாறையில் வரிசையாகத் தீர்த்தங்கரர்கள். பார்சுவநாதரின் தலைக்கு மேல் பாம்பு படம் விரித்துக் குடை பிடிக்கிறது. புராணத்தில் சமணர்கள் அனுப்பிய பாம்பு நஞ்சைக் கக்கிக்கொண்டு வருகிறது. கல்லில் அது ஒருவருக்கு நிழல் தருகிறது. புராணப் பாம்பு இந்தச் சிற்பத்திலிருந்துதான் ஊர்ந்து வந்தது என்று நான் சொல்லவில்லை; அது என் ஊகம்கூட இல்லை, ஒரு காட்சி ஒப்புமை மட்டும்தான். ஆனால் இரண்டையும் ஒரே நாளில் பார்த்துவிட்டு வந்தால் இரவில் தூக்கம் கொஞ்சம் கெடும்.

இதற்கெல்லாம் மேல், ‘சித்தர்’ என்ற சொல்லே இருக்கிறது. சைவத்தில் வல்லமை பெற்றவர் சித்தர். சமணத்தில் வினையெல்லாம் அறுத்து விடுபட்ட உயிருக்கு அதே பெயர். சமணர்கள் தினமும் சொல்லும் ஐந்து வணக்கங்களில் முதலாவது அருகருக்கு, இரண்டாவது சித்தருக்கு. மாயக்காரர்கள் என்று சொல்லப்பட்டவர்களும் மதுரையின் மந்திரவாதியும் ஒரே சொல்லைப் பங்கு போட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

5

அப்படியானால் சித்தர் கதையைத் தூக்கிப் போட்டுவிடலாமா? எனக்கு மனசு வரவில்லை. ராஜாவுக்கு மசியாத அந்த ஆள், பொன்னனையாள் வீட்டுக்கு வந்த அந்த ஆள் எனக்கு வேண்டும். ஆனால் அவரை வைத்துக்கொள்ள யானைமலையை ஒரு பிணமாகப் பார்க்கவேண்டிய கட்டாயம் இல்லை. புராணம் இரண்டையும் சேர்த்துத்தான் கொடுக்கிறது; பிரித்து எடுத்துக்கொள்கிற பொறுப்பு படிக்கிறவனுடையது.

அதற்கு மலைகள் இருக்கவேண்டும். மதுரை மாவட்டத்தில் கிரானைட் எத்தனை பாறைகளை விழுங்கியது என்பதை ஆராயச் சென்னை உயர் நீதிமன்றம் 2014இல் உ. சகாயத்தை நியமித்தது நினைவிருக்கும். மேலூர்ப் பக்கத்து அரிட்டாபட்டியில் தமிழ் பிராமிக் கல்வெட்டும் சமணச் சிற்பமும் சிவனுக்கான குடைவரையும் ஒரே ஊரில் இருக்கின்றன. 2022இல் தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்ட ஊர் அது. 2024இல் அந்த வட்டாரத்தில் டங்ஸ்டன் எடுக்க ஏலம் முடிந்தது. சுற்றியிருந்த கிராமங்கள் திரண்டு நின்றன. 2025 ஜனவரியில் மத்திய அரசு ஏலத்தை ரத்து செய்தது. போராடிய விவசாயிகள் யாரும் சமணர்கள் இல்லை. ‘ரட்சை’ என்று கல்லில் எழுதிக்கொள்ளவும் இல்லை. செய்த வேலை நரசிங்கமங்கலத்துச் சபை செய்ததேதான்.

வரும் தைப்பொங்கலுக்கு மதுரையில் இருந்தால் சித்தர் சன்னதிக்குப் போய்க் கல் யானை கரும்பு தின்பதைப் பாருங்கள். மறுநாள் ஒத்தக்கடைக்குப் பஸ் ஏறுங்கள். முதலில் நரசிங்கப் பெருமாள் கோயில், அங்கே எயினன் முடித்த முகமண்டபம். பிறகு மலையேறி அந்தச் சிற்பங்களின் கீழே இருக்கும் வட்டெழுத்தைத் தேடுங்கள். படிக்கத் தெரியாவிட்டாலும் பரவாயில்லை. அவை எல்லாம் ஆட்களின் பெயர்கள்.